பின்வாசலைத் திறந்து வைத்தது யார்?

தேர்வு எழுதாமல் வந்தவர்கள், தினக்கூலிக்குச் சம்மதித்து வந்தவர்கள், பத்து வருஷம் கழித்து நிரந்தரம் வேண்டும் என்று ரோட்டில் உட்காருவது எந்த ஊர் நியாயம்? மன்னார்புரம் மின்வாரிய அலுவலக வாசலில் ஒப்பந்தத் தொழிலாளர்கள் கூடும்போதெல்லாம் திருச்சியில் இந்தக் கேள்வி எழுகிறது. டீக்கடையில் கேட்கிறார்கள். ஓய்வுபெற்ற அரசு ஊழியர் வீட்டுக் கூடத்தில் கேட்கிறார்கள். குரூப் 4 தேர்வுக்குப் படிக்கும் பிள்ளைகள் மனம் வெந்து கேட்கிறார்கள். சட்டம் தெரிந்தவர்கள் இன்னொன்றும் சேர்ப்பார்கள்: உமாதேவி வழக்கில் 2006-லேயே உச்ச நீதிமன்றம் இந்தக் கதவைச் சாத்திவிட்டது, இனிப் பேசிப் பயனில்லை என்று.

இந்தத் தரப்பின் வாதத்தை அதன் முழுப் பலத்தோடு சொல்லிவிடுகிறேன். அரசு வேலை பொதுச் சொத்து. அரசியல் சாசனத்தின் 14, 16-ஆம் பிரிவுகள் அதில் எல்லோருக்கும் சம வாய்ப்பு தருகின்றன. விளம்பரம் வர வேண்டும், போட்டி நடக்க வேண்டும், 69 சதவீத இடஒதுக்கீட்டுச் சுழற்சிப்படி ஆள் எடுக்க வேண்டும். கட்சிக்காரர் சிபாரிசிலும் ஒப்பந்தக்காரர் தயவிலும் நுழைந்தவரை நிரந்தரமாக்கினால், வெளியே வரிசையில் நிற்பவரின் இடம் பறிபோகிறது. இதை அனுமதித்தால் ஒவ்வொரு ஆட்சியும் தன் ஆட்களைத் தற்காலிகமாக நுழைத்து, போகும்போது நிரந்தரமாக்கிவிட்டுப் போகும். கடனில் தத்தளிக்கும் வாரியங்களும் மாநகராட்சிகளும் அந்தச் சுமையைத் தாங்கமாட்டா.

நேர்மையானவர்களும் நம்பும் வாதம் இது. ஆனால் இதில் ஒரு ஆள் காணாமல் போகிறார்: வேலை கொடுத்தவர். சட்டப்படி ஆள் எடுக்க வேண்டிய கடமை அவருடையது. அதைச் செய்யாமல் விட்டவரும் அவரே. தவறு நடந்தது என்று எல்லோரும் ஒப்புக்கொள்கிறார்கள். கூண்டில் மட்டும் கூலிக்காரரை ஏற்றுகிறார்கள்.

அந்தக் கூலிக்காரர் என்ன வேலை செய்கிறார் என்று பார்த்துவிட்டு மேலே போகலாம். மழை இரவில் ஒரு பீடர் ட்ரிப் ஆகிறது. பிரிவு அலுவலகத்திலிருந்து வயர்மேன் கிளம்புகிறார். கூடவே இரண்டு ஒப்பந்த ஆட்கள், தோளில் ஏணி, கயிறு, எர்த் ராடு. லைன் கிளியர் நிரந்தர ஊழியர் பெயரில் வாங்கப்படுகிறது. கம்பத்தில் ஏறுவது பல நேரங்களில் கூட வந்த ஆள். எந்தக் கம்பம், எந்த இன்சுலேட்டர், எந்த ஜம்பர் என்று சொல்பவர் வாரியத்தின் ஃபோர்மேன் அல்லது இளநிலைப் பொறியாளர். ஒப்பந்தக்காரர் அந்தத் தெருவிலேயே இருக்கமாட்டார். யார் வீட்டு ஜெனரேட்டரோ எதிர்த்திசையில் மின்சாரத்தை அனுப்பி, மேலே இருப்பவர் தூக்கி எறியப்பட்டால், அவர் எங்கள் ஊழியர் இல்லை என்ற பதில் வருகிறது. 2018 நவம்பர் 16-ஆம் தேதி கஜா புயல் டெல்டாவையும் புதுக்கோட்டையையும் புரட்டிப் போட்டபோது, சாய்ந்த கம்பங்களைச் சேற்றில் இறங்கி நட்டவர்களில் இவர்களும் இருந்தார்கள். அந்த வாரங்களில் இவர்களை யாரும் பின்வாசல் வழியாக வந்தவர்கள் என்று சொல்லவில்லை.

இனி ஒவ்வொன்றாக.

1. பின்வாசல் வழியாக வந்தார்கள் என்பது முதல் குற்றச்சாட்டு. முன்வாசல் எப்போது திறந்திருந்தது? கம்பம் இருக்கிற வரை ஏறுவதற்கு ஆள் வேண்டும், தெரு இருக்கிற வரை கூட்டுவதற்கு ஆள் வேண்டும். இந்த வேலைக்கான பணியிடங்களை வருஷக்கணக்கில் காலியாக வைத்துவிட்டு, அதே வேலையைக் கூலிக்கு வாங்குவது நிர்வாகம் தெரிந்தே எடுத்த முடிவு. அந்த முடிவின் மறுபக்கத்தில் நின்றவரிடம் ஏன் முன்வாசல் வழியாக வரவில்லை என்று கேட்பதில் அர்த்தம் இல்லை.

தேர்வு எழுதியவர்களுக்காவது நியாயம் கிடைத்ததா? 2015-இல் மருத்துவப் பணியாளர் தேர்வு வாரியம் செவிலியர்களுக்குப் போட்டித் தேர்வு நடத்தியது. விளம்பரம், எழுத்துத் தேர்வு, இடஒதுக்கீடு எல்லாம் இருந்தன. தேறியவர்களுக்குக் கிடைத்தது மாதம் 7,700 ரூபாய் தொகுப்பூதியமும், இரண்டு ஆண்டில் காலமுறை ஊதியத்துக்கு வரலாம் என்ற வாக்குறுதியும். இரண்டு ஆண்டு முடிந்தது. 2017 நவம்பரில் அவர்கள் சென்னை தேனாம்பேட்டையில் மருத்துவத் துறை வளாகத்துக்குள் உட்கார்ந்து போராடினார்கள். முன்வாசல் வழியாக, வரிசையில் நின்று, மதிப்பெண் வாங்கி வந்தவர்களுக்கும் அதே தொகுப்பூதியம்தான் என்றால், வந்த வழி ஒரு காரணமே இல்லை. மலிவாக ஆள் வேண்டும், அவ்வளவுதான் காரணம். 2012-இல் பள்ளிகளில் 5,000 ரூபாய்க்குச் சேர்க்கப்பட்ட 16,549 பகுதிநேர ஆசிரியர்களும் முறையாக அறிவித்து எடுக்கப்பட்டவர்களே. ஓவியமும் தையலும் உடற்கல்வியும் சொல்லித்தரும் அவர்கள் ஒவ்வொரு தேர்தலிலும் வாக்குறுதி பெறுகிறார்கள்.

2. உமாதேவி தீர்ப்பைப் படித்துவிட்டுத்தான் எல்லோரும் மேற்கோள் காட்டுகிறார்களா? கர்நாடக வணிகவரித் துறையின் தினக்கூலி ஊழியர்கள் வழக்கு அது. 2006 ஏப்ரல் 10-ஆம் தேதி ஐந்து நீதிபதிகள் அமர்வு தீர்ப்பளித்தது. பல ஆண்டு வேலை செய்தார் என்பதற்காக மட்டும் ஒருவரை நிரந்தரமாக்கும்படி உயர் நீதிமன்றங்கள் உத்தரவிடக் கூடாது என்று சொன்னது உண்மை. எதிர்த்தரப்பு அத்துடன் புத்தகத்தை மூடிவிடுகிறது.

அதே தீர்ப்பின் 53-ஆம் பத்தியில் என்ன இருக்கிறது? அனுமதிக்கப்பட்ட பணியிடத்தில், தகுதியோடு, நீதிமன்ற உத்தரவின் நிழலில் இல்லாமல், பத்து ஆண்டுக்கு மேல் வேலை செய்தவர்களை ஒருமுறை நடவடிக்கையாக முறைப்படுத்துங்கள், ஆறு மாதத்துக்குள் தொடங்குங்கள் என்று மத்திய, மாநில அரசுகளுக்குச் சொல்லியிருக்கிறது. அடிப்படையிலேயே சட்டவிரோதமான நியமனம் வேறு, நடைமுறையில் குறை உள்ள நியமனம் வேறு என்று பிரித்திருக்கிறது. காலியிடங்களை முறையான தேர்வு மூலம் நிரப்புங்கள், தினக்கூலியை வைத்து ஓட்டாதீர்கள் என்றும் சொல்லியிருக்கிறது. அரசுகள் தங்களுக்கு இட்ட கட்டளையை விட்டுவிட்டன. தொழிலாளிக்கு எதிராகப் பயன்படும் வரியை மட்டும் ஒவ்வொரு எதிர்வாத மனுவிலும் ஒட்டினார்கள்.

இதை நான் மட்டும் சொல்லவில்லை. மத்திய நீர் ஆணையத்தில் 1990-களிலிருந்து தரை துடைத்த பெண்களையும் ஒரு தோட்டப் பணியாளரையும் 2018 அக்டோபரில் ஒரே நாளில் வெளியே அனுப்பினார்கள். அந்த ஜக்கோ வழக்கில் 2024 டிசம்பர் 20-ஆம் தேதி நீதிபதிகள் விக்ரம் நாத், பி.பி. வராலே அமர்வு அவர்களைத் திரும்ப எடுத்து முறைப்படுத்த உத்தரவிட்டது. நீண்டகாலம் உழைத்தவர்களின் நியாயமான கோரிக்கையை மறுக்க உமாதேவி தீர்ப்பை அரசு நிறுவனங்கள் தவறாகப் பயன்படுத்துகின்றன என்று அந்தத் தீர்ப்பே சொல்கிறது. அடுத்த மாதமே காஜியாபாத் மாநகராட்சித் தோட்டத் தொழிலாளர் வழக்கு. 2025 ஆகஸ்டில் உத்தரப் பிரதேசத்தின் தரம் சிங் வழக்கு: அரசு சாசனத்துக்குக் கட்டுப்பட்ட முதலாளி, பணமில்லை என்பது எல்லாவற்றுக்கும் பதிலாகிவிடாது என்றது உச்ச நீதிமன்றம். கதவு சாத்தப்பட்டுவிட்டது என்பவர்கள் இந்தத் தீர்ப்புகளையும் படிக்க வேண்டும்.

அந்த ஒருமுறை நடவடிக்கை தமிழ்நாட்டில் எப்படி நடந்தது? உமாதேவி தீர்ப்புக்கு ஆறு வாரம் முன்பே, 2006 பிப்ரவரி 28-ஆம் தேதி, அரசாணை 22 வந்தது. 2006 ஜனவரி 1 அன்று பத்து ஆண்டு முடித்த முழுநேரத் தினக்கூலிகளை முறைப்படுத்தலாம் என்றது. நல்ல ஆணை. ஆனால் 1996 பிப்ரவரியில் சேர்ந்தவருக்கு அது இல்லை. அவர் அதே துடைப்பத்தோடு, அதே அலுவலகத்தில், இன்னும் இருபது ஆண்டு வேலை செய்தாலும் இல்லை. பகுதிநேரம் என்று பெயர் வைக்கப்பட்டவருக்கும் கிடைக்காது என்று சிங்கமுத்து வழக்கில் 2017-இல் உச்ச நீதிமன்றம் வரை போய் முடிவாகியது. ஒரே வேலை செய்த இருவரை ஒரு மாத இடைவெளி இப்படிப் பிரித்துவிட்டது. இப்படித் தேதி வைத்துப் பிரிப்பதும் 14-ஆம் பிரிவின் கீழ்தான் கேள்விக்கு வர வேண்டும்.

3. சட்டத்தில் இடமில்லை என்பவர்கள் தமிழ்நாட்டின் சொந்தச் சட்டத்தை ஏன் மறக்கிறார்கள்? 1981-இல் நம் சட்டமன்றம் ஒரு சட்டம் செய்தது. தொழில் நிறுவனங்களில் தொழிலாளர்களுக்கு நிரந்தரத் தகுதி வழங்கும் சட்டம் என்று அதற்குப் பெயர். 24 காலண்டர் மாதங்களில் 480 நாள் தொடர்ந்து வேலை செய்த தொழிலாளியை நிரந்தரமாக்க வேண்டும் என்கிறது அதன் 3-ஆம் பிரிவு. உடம்பு சரியில்லாமல் போன நாள், விபத்து, தொழிலாளியின் தவறில்லாமல் வேலை நின்ற நாள், இவையெல்லாம் தொடர்ச்சியைக் கெடுக்காது. நெல்லை காட்டன் மில்ஸ் வழக்கில் 1990-இல் உச்ச நீதிமன்றம் இந்தச் சட்டம் செல்லும் என்றது. இங்கே கேட்கப்படுவது கருணை இல்லை. சட்டமன்றம் எழுதிக் கொடுத்த உரிமை.

உமாதேவி இதை அழித்துவிட்டதா? உமாதேவி உயர் நீதிமன்றங்களின் ரிட் அதிகாரத்தைப் பற்றிப் பேசிய தீர்ப்பு. நேர்மையற்ற தொழில் நடைமுறைகளைத் தடுக்கும் மாநிலச் சட்டத்தின் கீழ் தொழிலாளர் நீதிமன்றங்களுக்கு உள்ள அதிகாரத்தை அது தொடவில்லை என்று 2009-இல் மகாராஷ்டிரப் போக்குவரத்துக் கழக வழக்கில் உச்ச நீதிமன்றமே தெளிவாக்கியது. நமக்குப் பக்கத்திலேயே சான்று இருக்கிறது. காரைக்கால் ஓ.என்.ஜி.சி.யில் காவல் பணி செய்தவர்களை 1988-இலிருந்து குறிப்பிட்ட காலத்துக்கு என்று தற்காலிகமாக வைத்து ஓட்டினார்கள். அது நேர்மையற்ற தொழில் நடைமுறை, அவர்களை முறைப்படுத்தச் சொல்லத் தீர்ப்பாயத்துக்கு அதிகாரம் உண்டு என்று 2015 ஏப்ரலில் உச்ச நீதிமன்றம் சொன்னது. வருஷக்கணக்கில் ஒருவரைத் தற்காலிகமாகவே வைத்து நிரந்தரச் சலுகைகளை மறுப்பது குற்றம் என்று தொழில் தாவாச் சட்டத்தின் ஐந்தாம் அட்டவணை பட்டியலிட்டது. தனியார் மில் முதலாளிக்குக் குற்றமாக இருப்பது அரசு வாரியத்துக்கு மட்டும் எப்படி நிர்வாகத் திறமை ஆகும்?

இங்கே எதிர்த்தரப்பின் கையில் இரண்டு உருப்படியான ஆயுதங்கள் உள்ளன. அவற்றைத் தாண்டிப் போக முடியாது. ஒன்று, 2001 ஆகஸ்ட் 30-ஆம் தேதி இந்திய உருக்கு ஆணைய வழக்கில் வந்த தீர்ப்பு. ஒப்பந்த முறையை ஒழித்தாலும் தொழிலாளர்கள் தானாக முதன்மை நிறுவனத்தின் ஊழியர் ஆகிவிடமாட்டார்கள் என்றது அது. சரி. அதே தீர்ப்பு, ஒப்பந்தம் வெறும் திரையாக இருந்தால், திரைக்குப் பின்னால் உள்ள நிறுவனமே முதலாளி என்றும், அதைத் தொழில் தீர்ப்பாயம் விசாரித்து முடிவு செய்ய வேண்டும் என்றும் சொல்கிறது. வேலையைச் சொல்வது யார், மேற்பார்வை யார், கருவி யாருடையது என்று பார்க்க வேண்டும். கம்பத்தடியில் நிற்கும் இளநிலைப் பொறியாளர் யாருடைய ஆள்? மேலே நான் சொன்ன மழை இரவே அந்தச் சோதனைக்கு விடை.

மற்றொன்று, 1981 சட்டத்தின் 7-ஆம் பிரிவு. கட்டடம், பாலம், சாலை, அணை, இன்னும் மின் கட்டுமானம் உள்ளிட்ட கட்டுமான வேலைகளில் உள்ளவர்களுக்கு இந்தச் சட்டம் பொருந்தாது. இதைப் பிடித்துக்கொண்டு கம்பம் நடுவதும் கம்பி இழுப்பதும் கட்டுமானம் என்று வாதாட முடியும். புதிதாக ஒரு லைன் போட்டு முடித்துவிட்டு ஆட்களை அனுப்பிவிட்டால் அந்த வாதம் நிற்கும். அறுந்த கம்பியைக் கட்டுவது, மரக்கிளை வெட்டுவது, ஃபியூஸ் போடுவது, மின்மாற்றியில் எண்ணெய் கசிவைப் பார்ப்பது என்று வருஷம் 365 நாளும் நடப்பது பராமரிப்பு. அதற்குக் கட்டுமான விலக்கு எந்த வழியிலும் ஒட்டாது.

வாரியத்துக்கு இது புதிதும் இல்லை. உச்ச நீதிமன்றம் அமைத்த நீதிபதி காலித் கமிஷனின் அறிக்கை வழியாக ஒரு தலைமுறை ஒப்பந்தத் தொழிலாளர்கள் வாரியத்துக்குள் வந்தார்கள். அவர்கள் வயர்மேன் ஆனார்கள், லைன் இன்ஸ்பெக்டர் ஆனார்கள், ஓய்வும் பெற்றார்கள். அதனால் சாசனம் இடிந்து விழவில்லை.

4. சம்மதித்துக் கையெழுத்துப் போட்டாரே? பசித்தவர் போடும் கையெழுத்துக்கு எவ்வளவு எடை என்று 1986-லேயே பிரோஜோ நாத் கங்குலி வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது: பேரம் பேசும் பலம் இல்லாதவர்மேல் பலசாலி திணிக்கும் அநியாய நிபந்தனை செல்லாது. பல ஒப்பந்த ஆட்கள் கையெழுத்துப் போட ஒரு தாள்கூட கண்டதில்லை என்பது வேறு விஷயம். மின்வாரியத்தின் 2018 பிப்ரவரி ஊதிய ஒப்பந்தத்தின்போது ஒப்பந்தத் தொழிலாளருக்கு நாளுக்கு 380 ரூபாய் என்று பேசி முடிக்கப்பட்டது. அதை வாரியமே நேரடியாகக் கொடுக்க வேண்டும் என்று அதன் பிறகும் ஆண்டுக்கணக்கில் கேட்க வேண்டியிருந்தது. 2016-இல் ஜக்ஜித் சிங் வழக்கில், ஒரே வேலை செய்யும் தற்காலிக ஊழியருக்கும் நிரந்தர ஊழியரின் குறைந்தபட்ச ஊதியம் உண்டு என்று தீர்ப்பு வந்தது. கையெழுத்தைக் காட்டுபவர்கள், முதலில் தாங்கள் ஒப்புக்கொண்டதைக் கொடுத்தார்களா என்று பார்க்கட்டும்.

5. படித்துக் காத்திருக்கும் இளைஞனின் இடம் போகிறதே, இடஒதுக்கீடு என்ன ஆகிறது? இந்த வாதத்தைத்தான் நான் அதிகம் மதிக்கிறேன். இதற்கான பதில் பயிற்சி மையத்தில் உட்கார்ந்திருக்கும் அந்தப் பிள்ளைக்கும் தெரிய வேண்டும்.

தம்பி, உன் இடத்தைப் பறித்தவர் கம்பத்தில் ஏறும் ஒப்பந்தத் தொழிலாளி இல்லை. 500 ரூபாய்க்கு ஆள் கிடைக்கும் வரை எந்த நிர்வாகமும் உனக்காக விளம்பரம் கொடுக்காது. தற்காலிகம் மலிவாக இருக்கும் வரை நிரந்தரப் பணியிடம் பிறக்காது. அவரை நிரந்தரமாக்க வேண்டும் என்ற சட்டம் நடைமுறைக்கு வந்தால், தற்காலிகமாக வைப்பதில் நிர்வாகத்துக்கு லாபம் இருக்காது. அன்றுதான் முறையான அறிவிப்பு வரும். நீயும் அவரும் ஒரே பக்கம்.

இடஒதுக்கீட்டைக் காப்பாற்றுவதாகச் சொல்லி முறைப்படுத்தலை எதிர்ப்பவர்கள், ஒப்பந்தக்காரரிடம் சுழற்சி முறை கிடையாது என்பதை மறைக்கிறார்கள். வெளிமுகமைக்குப் போகும் ஒவ்வொரு வேலையும் 69 சதவீதத்துக்கு வெளியே போகிறது. 2022 அக்டோபரில் வந்த அரசாணை 152, மாநகராட்சிகளில் தூய்மைப் பணி உள்ளிட்ட கடைநிலை வேலைகளை வெளிமுகமைக்கு விட வழி செய்தது. அந்தக் கடைநிலையில் இருப்பவர்கள் பெரும்பாலும் தலித்துகள், பெண்கள். 2025 ஆகஸ்டில் சென்னையில் ராயபுரம், திரு.வி.க. நகர் மண்டலத் தூய்மைப் பணியாளர்கள் ரிப்பன் மாளிகை வாசலில் பதின்மூன்று நாள் உட்கார்ந்தபோது, அவர்கள் கேட்டதே தனியாரிடம் விடாதே, நிரந்தரமாக்கு என்பதுதான். நள்ளிரவில் அவர்களை அப்புறப்படுத்தினார்கள். சமூகநீதியின் பெயரால் நிரந்தரத்தை மறுப்பவர்கள், அந்த நடைபாதையில் உட்கார்ந்திருந்தவர்கள் யார் என்று பார்த்திருந்தால் இந்த வாதத்தை எடுத்திருக்க மாட்டார்கள்.

அனுபவத்துக்கு மதிப்புக் கொடுத்து, போட்டியையும் வைத்து ஆள் எடுக்க முடியாதா? முடியும். 2019-இல் வாரியம் கேங்மேன் பணிக்கு அறிவிப்பு வெளியிட்டது. கம்பம் ஏறிக் காட்டும் உடல்தகுதித் தேர்வும் எழுத்துத் தேர்வும் வைத்து, 2021 பிப்ரவரியில் 9,613 பேருக்கு வேலை கொடுத்தது. பல ஆண்டுகளாக ஏறிய ஒப்பந்தத் தொழிலாளர்கள் தங்களை முதலில் எடுங்கள் என்று கேட்டார்கள். அவர்களுடைய ஆண்டுகளுக்கு மதிப்பெண்ணும் வயது வரம்பில் தளர்வும் கொடுத்திருந்தால் அந்தத் தகராறில் பாதி எழுந்திருக்காது.

6. பணம் இல்லை. வாரியத்தின் கடன் மஸ்தூர் கூலியால் வந்ததில்லை. மின்சாரம் வாங்கும் விலையும் வட்டியும்தான் அதைத் தின்கின்றன. ஏஜென்சி வழியாக ஆள் எடுத்தால் ஏஜென்சிக்குக் கமிஷன், ஆள் வழங்கும் சேவைக்கு 18 சதவீத ஜி.எஸ்.டி. என்று போகிறது. இவற்றில் ஒரு ரூபாயும் தொழிலாளி கைக்கு வராது. மிச்சம் என்று காட்டப்படுவது, பெரும்பாலும் அவருக்குச் சேர வேண்டிய பி.எஃப்., ஓய்வூதியம், விடுப்பு.

7. கடைசியாக ஒரு கேள்வி கேட்பார்கள்: 480 நாள் வேலை செய்ததற்கு ஆதாரம் எங்கே? வருகைப் பதிவேடு ஒப்பந்தக்காரர் வீட்டில், கூலி கையில் பணமாக, அடையாள அட்டை கிடையாது. ஆதாரத்தைத் தன் கையில் வைத்துக்கொண்டு ஆதாரம் கேட்பதை நீதிமன்றங்கள் முன்பே பார்த்திருக்கின்றன. நிரூபிக்கும் பொறுப்பு முதலில் தொழிலாளியுடையது என்று எல்லட்டி வழக்கில் 2005-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. அவர் சாட்சிக் கூண்டில் ஏறிச் சொல்லி, மஸ்டர் ரோலையும் கூலிப் பதிவேட்டையும் கொண்டுவரச் சொல்லியும் நிர்வாகம் கொண்டுவரவில்லை என்றால், அதை நிர்வாகத்துக்கு எதிராக எடுத்துக்கொள்ளலாம் என்றும் அதே வழக்கில் சொன்னது.

இதற்காக மன்னார்புரத்தில் கூடுகிறவர்கள் புதுச் சட்டம் எதுவும் கேட்க வேண்டியதில்லை. 1981 சட்டத்தின் விதி 6 தொழிலாளர் பட்டியலை நிர்வாகம் பராமரிக்க வேண்டும் என்கிறது. பட்டியலில் பெயர் விடுபட்டவர் தொழிலாளர் ஆய்வாளரிடம் முறையிடலாம்; அவர் விசாரித்து நிர்வாகத்துக்கு உத்தரவிடலாம். ஒவ்வொரு பிரிவு அலுவலகத்திலும் அந்தப் பட்டியலைச் சுவரில் ஒட்டட்டும். விடுபட்டவர்கள் தங்களோடு வேலை செய்த வயர்மேனையும் ஃபோர்மேனையும் சாட்சியாக அழைத்துக்கொண்டு ஆய்வாளரிடம் போகட்டும். நிரந்தர ஊழியர்களும் தங்கள் சங்கத்தின் அனுமதிக்காகக் காத்திராமல் வந்து உண்மையைச் சொல்லட்டும். யார் கம்பத்தில் ஏறினார் என்பது அவர்களைவிட யாருக்குத் தெரியும்? ஆய்வாளர் உத்தரவு போட்டால், அதை எதிர்த்து மேல்முறையீட்டுக்கு வக்கீல் வைக்காமல் வாரியம் நிறைவேற்றட்டும்.